நெல்லை ஏற்றுமுன் பதிவை அறிக
(அம்பாறைக் கரையோர நெற்செய்கையாளருக்கும் மரக்கறிச் செய்கையாளருக்கும்)

ஒரு போகத்து வேளாண்மை பல மாதத்து உழைப்பாகும். உழவு, விதைப்பு, களைகட்டல், பசளையிடல், நீர்க்காவல், அறுவடை ஆகிய ஒவ்வொரு படியிலும் கமக்காரர் கண்ணுங் கருத்துமாக இருக்கின்றார். விதைநெல்லை ஈரச் சாக்கில் முளைக்கவைத்துப் பார்த்த பின்னரே வயலுக்குக் கொண்டு செல்கின்றார். மாடு வாங்குவதாயின் பல்லைப் பார்த்து, சுழியைப் பார்த்து, நடக்கவிட்டுப் பார்த்தே விலை பேசுகின்றார். ஆயின், அத்தனை உழைப்பின் பயனையும் ஒரே நாளிற் பிறர் கையில் ஒப்படைக்கும்போது, அவர் யார், அவர் பெயர் சொல்லும் கம்பனி யாது, அஃது எங்கே பதியப்பட்டுள்ளது என்று விசாரிப்போர் மிகச் சிலரே. மாட்டுக்குச் செய்யும் பரீட்சையை வியாபாரிக்கும் செய்தல் வேண்டும். அதனைச் செய்யும் முறையே இத்துண்டுப் பிரசுரத்தின் பொருளாகும்.

முன்பு முகம் சாட்சி. இன்று பதிவே சாட்சி

மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், சம்மாந்துறை, அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று முதலிய ஊர்களின் வயல்களுக்குச் சேனாநாயக்க சமுத்திரத்து நீர் பாயத் தொடங்குவதற்கு முன்னரே இங்கு நெல் விற்பனை நடந்து வந்தது. அக்காலத்தில் வாங்குபவர் பெரும்பாலும் ஊர்ப் போடியாராகவோ, அயலூர் மில்லுக்காரராகவோ இருந்தார். அவருடைய வீட்டைக் கமக்காரர் அறிவார்; அவருடைய தகப்பனாரையும் அறிவார். வெள்ளிக்கிழமை பள்ளிவாசலில் அவரைக் காணலாம். ஆதலால் நெல்லைக் கடனாகக் கொடுத்துவிட்டுப் பெருநாளைக்குப் பணம் பெறுவதில் அச்சம் இருக்கவில்லை. முகமே சாட்சியாக இருந்தது.

இன்று நிலைமை வேறு. அறுவடை இயந்திரங்கள் வந்த பின் பெரும்போகத்து நெல் முழுவதும் சில கிழமைகளுக்குள் வெட்டப்பட்டு விடுகிறது. நெல் சந்தைப்படுத்தும் சபை ஈரப்பதன் நூற்றுக்கு 14க்கு மேற்படாத நெல்லையே உத்தரவாத விலைக்கு ஏற்கின்றது. காயவைக்கக் களமில்லாதவர் தார்ச்சாலை ஓரத்தில் நெல்லைப் பரப்புகின்றார். மழை இருட்டினால் அதற்கும் வழியில்லை. இவ்வேளையில் வெளி மாவட்டத்து லொறி வயல் வரம்புக்கே வந்து நிற்கிறது. ஈர நெல்லையும் ஏற்பதாகவும், மூடைக்கு ஐம்பது ரூபா கூடத் தருவதாகவும், பணம் இரண்டு கிழமையில் வருமென்றும் தரகர் கூறுகின்றார். பசளைக் கடையிலும் வங்கியிலும் கடன்பட்டு நிற்கும் கமக்காரர் இசைந்து விடுகின்றார். அவரிடம் எஞ்சுவது ஒரு துண்டுத் தாளும் ஒரு தொலைபேசி இலக்கமுமே. இரண்டு கிழமையின் பின் அந்த இலக்கம் பதில் தராதுவிடின், யாரைத் தேடி எங்கே செல்வது? வழக்குத் தொடர்வதாயினும் எதிராளியின் பெயரும் விலாசமும் வேண்டுமன்றோ!

மரக்கறிச் செய்கையாளருக்கும் இஃதே நிலை. கத்தரி, வெண்டி, பயிற்றை ஆகியவற்றை இரண்டு நாட்களுக்கு வைத்திருத்தல் இயலாது. பொருள் அழுகும் அச்சமே விசாரணையைக் கைவிடச் செய்கிறது. ஆகவே விசாரணையை அறுவடை நாளில் அன்றி, பயிர் நிலத்தில் நிற்கும்போதே செய்து முடித்தல் வேண்டும்.

கம்பனி என்பது யாது?

கம்பனி என்பது சட்டம் உண்டாக்கிய ஓர் ஆள். அது தன் பெயரிற் பொருள் வாங்கலாம், கடன்படலாம், வழக்காடலாம். இலங்கையில் 1861ஆம் ஆண்டின் கூட்டுப் பங்குக் கம்பனிகள் கட்டளைச் சட்டம் இதற்கு வழிவகுத்தது. அதன்பின் 1938ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டமும், 1982ஆம் ஆண்டின் சட்டமும் வந்தன. இப்பொழுது நடைமுறையில் உள்ளது 2007ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டமாகும்.

கமக்காரர் அறிய வேண்டிய முக்கிய விடயம் யாதெனில், கம்பனி வேறு, அதன் சொந்தக்காரர் வேறு என்பதாகும். இலண்டனிற் சப்பாத்துச் செய்து விற்ற ஆரன் சலமன் என்பவர் தமது தொழிலை ஒரு கம்பனியாக மாற்றினார். கம்பனி நொடித்தது. கடன் கொடுத்தோர் சலமனிடமே பணத்தைக் கேட்டனர். கம்பனியின் கடன் கம்பனிக்கே உரியது, சலமனுக்கு உரியதன்று என 1896ஆம் ஆண்டிற் பிரித்தானியப் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. பிணையின்றிக் கடன் கொடுத்தோருக்கு ஒன்றும் கிட்டவில்லை. அத்தத்துவமே இன்று இலங்கையிலும் நிலவுகின்றது. "லிமிடெட்" என்ற சொல்லின் கருத்து, பங்குதாரரின் பொறுப்பு ஓர் எல்லைக்கு உட்பட்டது என்பதே. பெயரின் இறுதியில் அச்சொல் இருப்பதைப் பெருமையாகக் கொள்ளாது எச்சரிக்கையாகக் கொள்ளுதல் நன்று.

நால்வகைப் பதிவு

கல்முனைப் பகுதியில் நெல்லும் மரக்கறியும் வாங்குவோர் யாவரும் கம்பனிகள் அல்லர். அவர்களைப் பின்வருமாறு வகுக்கலாம்.

முதலாவது, கம்பனிகள். இவை கொழும்பு 10, டி. ஆர். விஜேவர்தன மாவத்தையில் "சமாகம் மெதுர" எனும் கட்டடத்தில் உள்ள கம்பனிகள் பதிவாளர் திணைக்களத்திற் பதியப்படுகின்றன. தனியார் கம்பனியின் பெயர் "பிரைவேட் லிமிடெட்" என முடியும். பங்குச் சந்தையில் இடம்பெற்ற கம்பனியின் பெயர் "பி.எல்.சி." என முடியும். ஒவ்வொரு கம்பனிக்கும் ஓர் இலக்கம் உண்டு, தனியார் கம்பனிகளின் இலக்கம் "பி.வி." என்ற எழுத்துகளுடன் தொடங்கும்.

இரண்டாவது, வியாபாரப் பெயர்கள். ஒருவரோ, பங்காளிகள் சிலரோ தமது சொந்தப் பெயரல்லாத வேறு பெயரில் வியாபாரம் செய்யின் அப்பெயரைப் பதிதல் வேண்டும். 1918ஆம் ஆண்டின் 6ஆம் இலக்க வியாபாரப் பெயர்கள் கட்டளைச் சட்டம் இதனை விதித்தது. இப்பொழுது இப்பணி மாகாணத்துக்கு உரியது. பிரதேச செயலகத்தில் இதுபற்றி விசாரிக்கலாம். அரிசி மில்கள், பசளைக் கடைகள் பலவும் இவ்வகையைச் சேர்ந்தவை. பதிவுச் சான்றிதழிற் சொந்தக்காரரின் பெயர் இருக்கும். அதனை வியாபாரத் தலத்தில் யாவரும் காணத் தொங்கவிடுதல் வேண்டும்.

மூன்றாவது, கூட்டுறவுச் சங்கங்கள். இவை கூட்டுறவு அபிவிருத்தித் திணைக்களத்திற் பதியப்படுவன.

நான்காவது, கமக்காரர் அமைப்புகள். இவை 2000ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டத்தின் கீழ்ப் பதியப்படுவன. கமநல சேவை நிலையத்தில் இவற்றின் விபரத்தை அறியலாம்.

இந்நான்கிலும் அடங்காதவர், தமது முழுப் பெயரிலேயே வியாபாரம் செய்பவராவர். அவர் வியாபாரப் பெயரைப் பதியவில்லை என்பதனால் மட்டும் அவரைக் குற்றவாளி எனக் கருதலாகாது. அவ்விடத்திற் கமக்காரர் செய்யத்தக்கது, அவருடைய தேசிய அடையாள அட்டையைப் பார்த்துப் பெயர், இலக்கம், விலாசம் ஆகியவற்றைக் குறித்துக்கொள்ளுவதும், மாநகர சபையிலோ பிரதேச சபையிலோ அவர் வியாபார அனுமதி பெற்றுள்ளாரா எனக் கேட்பதுமாகும்.

விசாரிக்கும் முறை

1. முழுப் பெயரையும் இலக்கத்தையும் கேட்டல். கம்பனி தனது கடிதம், பற்றுச்சீட்டு, விலைப்பட்டியல், காசோலை ஆகிய யாவற்றிலும் தன் முழுப் பெயரையும் பதிவிலக்கத்தையும் தெளிவாகக் காட்டுதல் வேண்டும் என்பது 2007ஆம் ஆண்டின் சட்டத்தின் விதியாகும். ஆகவே இலக்கத்தைக் கேட்பது மரியாதைக் குறைவு அன்று. இலக்கமில்லாத பற்றுச்சீட்டைக் காட்டுபவரே காரணம் கூற வேண்டியவர்.

2. பதிவேட்டிற் பார்த்தல். கம்பனிகள் பதிவாளர் திணைக்களத்தின் இணையத்தளத்திற் பெயரைக் கொடுத்துத் தேடலாம். கமக்காரர் தாமே செய்ய இயலாவிடின், பாடசாலையிற் படிக்கும் மகனோ மகளோ கைத்தொலைபேசியிற் சில நிமிடத்திற் பார்த்துச் சொல்லிவிடலாம். பெயரில் ஒரு சொல் மாறினாலும் அது வேறு கம்பனி. பெயர் பெற்ற கம்பனியின் பெயரைப் போன்ற பெயரை வைத்துக்கொண்டு வருவோரும் உண்டு. பெயரும் இலக்கமும் இரண்டும் ஒத்திருத்தல் வேண்டும்.

3. இன்றைய நிலையை அறிதல். தரகர் காட்டும் பதிவுச் சான்றிதழின் பிரதி, அக்கம்பனி ஒருநாட் பிறந்தது என்பதற்கே சான்று. இன்றும் உயிருடன் உள்ளது என்பதற்குச் சான்றன்று. தொழில் நடத்தாத கம்பனியைப் பதிவாளர் பதிவேட்டிலிருந்து நீக்கலாம். நீக்கிய பின்னும் பழைய சான்றிதழ் ஒருவர் பெட்டியில் இருக்கும். ஆதலாற் காட்டப்படும் தாளை நம்பாது பதிவேட்டையே நம்புதல் வேண்டும்.

4. பணிப்பாளரையும் பதிவு அலுவலகத்தையும் அறிதல். கம்பனியின் பணிப்பாளர் யாவர், அதன் பதிவு அலுவலகம் எங்கே என்பன பதிவேட்டில் உள. கட்டணம் செலுத்தி ஆவணப் பிரதிகளைப் பெறலாம். ஒருவர் தனியே செய்வதினும் கமக்காரர் அமைப்பின் மூலம் ஒரு முறை பெற்று எல்லோரும் பார்ப்பது சிக்கனமாகும். பதிவு அலுவலகத்தின் விலாசத்துக்கே நீதிமன்றத்தின் அழைப்பாணை செல்லும் என்பதையும் மனத்திற் கொள்ளுதல் வேண்டும்.

5. முன்நிற்பவரின் அதிகாரத்தை அறிதல். கம்பனி உண்மையானதாக இருக்கலாம். அதன் பெயரைச் சொல்லி வந்தவர் பொய்யராக இருக்கலாம். கம்பனியின் கடிதத் தலைப்பில், பணிப்பாளர் ஒருவர் ஒப்பமிட்ட அதிகாரக் கடிதத்தைக் கேட்டு, கம்பனியின் அலுவலகத்துக்கே தொலைபேசியிற் பேசி உறுதி செய்தல் வேண்டும். அவ்விலக்கத்தைத் தரகரிடம் கேட்டுப் பெறலாகாது.

6. வங்கிக் கணக்கின் பெயரைப் பார்த்தல். கம்பனிக்கு முற்பணம் செலுத்துவதாயின் கம்பனியின் பெயரிலுள்ள கணக்குக்கே செலுத்துதல் வேண்டும். தரகரின் சொந்தக் கணக்குக்கு அனுப்பிய பணம் கம்பனிக்குக் கொடுத்த பணமாகாது.

அரச அலுவலகம் ஒன்றில் உள்ள பதிவைப் பற்றி விபரம் கிடையாவிடின், 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எழுத்து மூலம் கேட்கப் பிரசைகளுக்கு உரிமை உண்டு.

பதிவு மாத்திரம் போதுமா?

போதாது. பதிவு என்பது வாசற்படி. அதுவே வீடு அன்று. பதியப்பட்ட கம்பனி யாது தொழிலைச் செய்ய அனுமதி பெற்றுள்ளது என்பது அடுத்த கேள்வியாகும்.

கொழும்பில் இயங்கிய கோல்டன் கீ கிரெடிட் கார்ட் கம்பனி முறையாகப் பதியப்பட்ட ஒரு கம்பனியே. ஆயினும் பொதுமக்களிடம் வைப்புப் பணம் பெற மத்திய வங்கியின் அனுமதி அதற்கு இருக்கவில்லை. உயர்ந்த வட்டியை நாடிப் பல்லாயிரம் மக்கள் பணத்தை ஒப்படைத்தனர். 2008ஆம் ஆண்டு டிசம்பரில் அது வீழ்ந்தபொழுது சுமார் 2,600 கோடி ரூபா சிக்கிக்கொண்டது. பின்னர் 2011ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க நிதித்தொழிற் சட்டம் கொண்டுவரப்பட்டது. வைப்புப் பெற அனுமதியுள்ள வங்கிகளினதும் நிதிக் கம்பனிகளினதும் பெயர்களை மத்திய வங்கி வெளியிட்டு வருகிறது. விளைச்சற் பணத்தை வைப்பிலிடுமுன் அந்நிரலைப் பார்த்தல் அவசியமாகும்.

கமக்காரரையே நேரிற் தாக்கிய நிகழ்ச்சி தமிழ்நாட்டில் நடந்தது. ஈரோடு மாவட்டம் பெருந்துறையிற் சுசி ஈமு பார்ம்ஸ் எனும் தனியார் கம்பனி இயங்கியது. ஈமு என்பது பறக்க இயலாத பெரிய அவுஸ்திரேலியப் பறவை. கமக்காரர் ஒன்றரை இலட்சம் இந்திய ரூபாவை வைப்பாகக் கட்டினால், கம்பனி ஆறு குஞ்சுகளைக் கொடுக்கும். கொட்டிலும் தீனியும் கொடுக்கும். வளர்ப்புக் கூலியாக மாதம் 6,000 ரூபாவும் ஆண்டுக்கு 20,000 ரூபாவும் தரும். முடிவில் வைப்பையும் திருப்பித் தரும். சினிமா நடிகர்களைக் கொண்டு விளம்பரம் செய்யப்பட்டது. வயலை விற்றும் நகையை அடகுவைத்தும் பலர் சேர்ந்தனர்.

இக்கணக்கைச் சற்று நோக்கினால் உண்மை விளங்கும். மாதம் 6,000 வீதம் ஆண்டுக்கு 72,000. அதனுடன் 20,000 சேர 92,000. ஒன்றரை இலட்சத்துக்கு இது நூற்றுக்கு 61 வீத ஆதாயமாகும். இத்தனை பணம் ஈமு இறைச்சியிலிருந்தும் எண்ணெயிலிருந்தும் வருவதற்கு அங்கே சந்தை இருக்கவில்லை. பின்வந்தோரின் வைப்பே முன்வந்தோரின் ஆதாயமாயிற்று. 2012ஆம் ஆண்டு ஆகத்து மாதத்தில் அலுவலகம் பூட்டப்பட்டது. தீனியின்றி நின்ற பறவைகளை அரசாங்கம் பொறுப்பேற்க வேண்டியதாயிற்று. வைப்பாளர் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ்க் கோயம்புத்தூரிற் செயற்படும் தனி நீதிமன்றம் கம்பனியை நடத்தியவருக்குப் பத்தாண்டுச் சிறைத்தண்டனை விதித்தது. தண்டனை கிடைத்தது, வயலை விற்றவருக்கு வயல் திரும்பவில்லை.

இங்கும் கற்றாழை, அகில், சந்தனம், காளான் என ஏதேனும் ஒன்றை முன்வைத்து, "விளைவதை நாமே திரும்ப வாங்குவோம்" எனக் கூறி முற்பணம் கேட்போர் வரலாம். அத்தகைய ஒப்பந்தம் யாவும் தீயன அல்ல. முறையான ஒப்பந்தச் செய்கையாற் பயன்பெற்றோரும் உளர். அவர்களை வேறுபடுத்தி அறிய ஒரு வினா போதும்: அக்கம்பனியின் பணம், பொருளை மூன்றாம் ஆளுக்கு விற்று வருகிறதா, அன்றிப் புதிதாகச் சேரும் கமக்காரரிடமிருந்து வருகிறதா? பொருளை வாங்கும் மூன்றாம் ஆளைக் காட்ட இயலாதவரிடம் முற்பணம் கொடுத்தலாகாது. ஆட்களைச் சேர்த்துவிடுவதற்கே ஆதாயம் தரும் பிரமிட் திட்டங்களை வங்கிச் சட்டம் தடை செய்துள்ளது.

உள்ளீடு விற்போரின் பதிவு

கமக்காரர் விற்பவர் மாத்திரமல்லர்; வாங்குபவருமாவார். இங்கு கம்பனியின் பதிவுடன் பொருளின் பதிவையும் பார்த்தல் வேண்டும்.

பீடைநாசினி: 1980ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சட்டத்தின்படி பீடைநாசினிப் பதிவாளரிடம் பதியப்படாத எந்த மருந்தையும் விற்றலாகாது. போத்தலின் சிட்டையிற் பதிவிலக்கமும், மூன்று மொழிகளிலும் உபயோக விபரமும் இருக்கும். தமிழ் எழுத்தே இல்லாத போத்தல் கள்ள வழியில் வந்ததாக இருக்கலாம். அதனை விலைக்குறைவெனக் கருதி வாங்கலாகாது.

பசளை: 1988ஆம் ஆண்டின் 68ஆம் இலக்கச் சட்டத்தின்படி பசளையை இறக்குமதி செய்வோரும், உற்பத்தி செய்வோரும், விநியோகிப்போரும் தேசிய உரச் செயலகத்திற் பதியப்படல் வேண்டும்.

விதை: 2003ஆம் ஆண்டின் 22ஆம் இலக்க விதைச் சட்டம் விதை வியாபாரத்தை ஒழுங்குபடுத்துகிறது. மூடையில் "பி.ஜி. 94-1" என மையால் எழுதியிருப்பது உறுதிப்படுத்திய விதை என்பதற்குச் சான்றாகாது. விதை உறுதிப்படுத்தற் சேவையின் சிட்டை தைக்கப்பட்டிருத்தல் வேண்டும். அச்சிட்டையைப் போகம் முடியும்வரை பத்திரப்படுத்தலும் வேண்டும். முளைப்பிற் குறைபாடு காணின் அதுவே ஆதாரமாகும்.

ஐயம் உள்ளவர்கள் தமது பகுதி விவசாயப் போதனாசிரியரிடம் போத்தலையோ சிட்டையையோ காட்டி உசாவலாம்.

எழுத்தும், காசோலையும், காலமும்

கொடுக்கல் வாங்கலை எழுதிச் சாட்சிகளை நிறுத்துமாறு திருக்குர்ஆன் பணிப்பதை இப்பகுதி மக்கள் நன்கு அறிவர். எழுதக் கேட்பது நம்பிக்கையின்மை அன்று என்பதற்கு இதனினும் பெரிய நியாயம் வேண்டியதில்லை. எழுத்திற் திகதி, கம்பனியின் முழுப் பெயர், இலக்கம், நெல்லினம், நிறை, ஈரப்பதன், கிலோ விலை, பணம் செலுத்தும் நாள், லொறியின் இலக்கம், இருவரினதும் கையொப்பம், இரு சாட்சிகள் ஆகியன இருத்தல் வேண்டும்.

பின்திகதியிட்ட காசோலையைப் பெறுவோர், அது யாருடைய கணக்குக்குரியது எனப் பார்த்தல் வேண்டும். கணக்கிற் பணமில்லை என அறிந்துகொண்டே காசோலை கொடுத்தல் 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் அறவிடல் சட்டத்தின் 25ஆம் பிரிவின்படி குற்றமாகும். ஆதலாற் திரும்பிய காசோலையைக் கிழித்தெறியாது, வங்கி தரும் சீட்டுடன் சேர்த்து வைத்தல் வேண்டும்.

காலமும் ஒரு பொருளாகும். 1871ஆம் ஆண்டின் காலாவதிக் கட்டளைச் சட்டத்தின்படி, விற்று ஒப்படைத்த பொருளின் விலையை, அது செலுத்தப்பட வேண்டிய நாளிலிருந்து 1 ஆண்டுக்குள் வழக்கிட்டுக் கேட்டல் வேண்டும். எழுத்து மூலமான ஒப்பந்தத்துக்கோ 6 ஆண்டுகள் உண்டு. "அடுத்த போகத்துக்குத் தருகிறேன்" என்ற சொல்லை நம்பி இரண்டு போகம் பொறுத்தவர், தம் உரிமையையே இழந்துவிடக் கூடும். ஒரு தாளில் எழுதுவதனால் உண்டாகும் வேறுபாடு இத்தனை பெரிது. பிணக்கு ஏற்படின் முதலில் மத்தியஸ்த சபையை நாடலாம். எனினும் காலம் கடக்குமுன் சட்டத்தரணி ஒருவரின் ஆலோசனையைப் பெறுதல் உத்தமம்.

காணி உறுதியையோ, குடியேற்றக் காணியின் அனுமதிப்பத்திரத்தையோ எந்தக் கம்பனிக்கும் பிணையாகக் கையளித்தலாகாது. காணியை விற்றலும் ஈடு வைத்தலும் நொத்தாரிசு முன்னிலையில், இரு சாட்சிகளுடன் செய்யப்பட்டாலன்றிச் சட்டப்படி செல்லா.

நினைவில் வைக்க வேண்டிய ஐந்து வினாக்கள்

1. இந்த நிறுவனம் எந்தப் பெயரில், எந்த இலக்கத்திற் பதியப்பட்டுள்ளது?
2. பதிவேட்டில் இன்றும் உள்ளதா?
3. முன்நிற்பவர் அதன் பெயரால் ஒப்பமிட அதிகாரம் உடையவரா?
4. செய்யும் தொழிலுக்கு வேண்டிய தனி அனுமதி அதனிடம் உண்டா?
5. பணம் தராதுவிடின் யாரிடம், எந்த விலாசத்திற் கேட்பது?

இவ்வைந்துக்கும் விடை கிடைத்த பின்னும் முதன்முறை கொடுக்கல் வாங்கலிற் சிறு அளவையே விற்றுப் பார்த்தல் விவேகமாகும். நேர்மையான வியாபாரி இவ்வினாக்களாற் கோபங்கொள்ளார். தம்மைப் போன்ற பெயரில் வரும் பொய்யரிடமிருந்து இவை அவரையும் காக்கின்றன. கோபங்கொண்டு அவசரப்படுத்துபவரை வேறு வயலுக்குச் செல்லவிடுதலே நன்று.

கமக்காரர் அமைப்புகள் ஒவ்வொன்றும் விதைப்புக் கூட்டத்தின்போதே, தம் வட்டைக்கு வந்து நெல் வாங்குவோரின் பெயர், பதிவிலக்கம், கடந்த போகத்திற் பணம் செலுத்திய விதம் ஆகியவற்றை ஒரு கொப்பியில் எழுதி வைக்கலாம். வாய்க்காலிற் தண்ணீர் முறை வைப்பது போன்று இதுவும் கூடிச் செய்ய வேண்டிய வேலையாகும். ஒருவர் விசாரித்தறிந்தது நூறு பேருக்குப் பயன்படும். விளைவிக்கும் வரை காத்த பயிரை, விற்றுப் பணம் கைக்கு வரும் வரையும் காப்பதே முழுமையான வேளாண்மையாகும்.